கறுப்பும் செங்கல் சிவப்புமாக மரத்தில் ஓடும் கொட்டும் எறும்பு: எது, ஏன் கொட்டுகிறது, என்ன செய்யலாம்

கேள்வி இதுதான்: மடிப்பாக்கத்தில் தனி வீடு. பின்பக்கம் ஒரு முருங்கை, ஒரு மா. மரத்தில் கட்டிய கொடியிலிருந்து துணி எடுத்த 68 வயது அப்பாவின் கையில் கறுப்பும் சிவப்புமான பெரிய எறும்பு ஒன்று கொட்டிவிட்டது. மறுநாள் மணிக்கட்டிலிருந்து முழங்கை வரை வீக்கம். யூடியூப் பார்த்த பக்கத்து வீட்டுக்காரர் இது "புல்லட் எறும்பு" என்கிறார். இது எந்த எறும்பு, உயிருக்கு ஆபத்தா, பேசாமல் மரத்தையே வெட்டிவிடலாமா?

மரத்தை வெட்ட வேண்டாம். அதில் பட்டுப்போயிருக்கும் கிளையை மட்டும் எடுத்தால் போதும். அப்பா விஷயத்தில் மட்டும் சில அடையாளங்களைத் தெரிந்து வைத்துக்கொள்வது நல்லது. அதைக் கீழே சொல்கிறேன். முதலில் எறும்பைச் சரியாக அடையாளம் பார்ப்போம். சென்னையில் "கட்டெறும்பு" என்ற ஒரே பேரில் குறைந்தது நான்கு வேறு எறும்புகளைச் சொல்கிறோம். அதில் பாதிக்குக் கொடுக்கே கிடையாது.

நீங்கள் சொல்லும் நிறமும் இடமும் டெட்ராபொனேரா ரூஃபோநைக்ரா என்ற மர எறும்போடு பொருந்துகிறது. ஒரு சென்டிமீட்டருக்குச் சற்று மேல் நீளம். தலை பளபளக்கும் கறுப்பு, நடு உடம்பு செங்கல் சிவப்பு, வயிறு மறுபடி கறுப்பு. உடம்பு தடிமனாக இருக்காது. ஒல்லியாக, நீட்டி இழுத்தது மாதிரி இருக்கும். இடுப்பில் இரண்டு முடிச்சு. கண் பெரிது. நடத்தையைப் பார்த்தால் இன்னும் சுலபம்: சாரை போட்டுப் போகாது, பெரும்பாலும் தனியாகத்தான் ஓடும். அடிமரத்தில் வேகமாக ஏறும், நிற்கும், தலையைத் திருப்பி உங்களைப் பார்க்கும், கையைக் கொண்டுபோனால் சட்டென்று மரத்தின் மறுபக்கம் போய்விடும். வயிற்று நுனியைக் கூர்ந்து பார்த்தால் சில சமயம் கொடுக்கின் முனை தெரியும்.

இது வந்தேறி எறும்பு அல்ல, உள்ளூர்க்காரர். மதராஸ் ராஜதானியில் மருத்துவராக இருந்த ஜெர்டன், தென்னிந்திய எறும்புகளைப் பட்டியலிட்டு மதராஸில் 1851ல் வெளியிட்ட கட்டுரையில்தான் இதற்கு முதன்முதலில் அறிவியல் பெயர் வைத்தார்.

குழப்பும் மற்றவற்றையும் சொல்லிவிடுகிறேன். சமையலறையில் இரவில் சர்க்கரை டப்பாவைச் சுற்றும் பெரிய கறுப்பு எறும்பு கேம்போனோட்டஸ். தாடையால் நறுக்கென்று கடிக்கும், கடித்த இடத்தில் ஃபார்மிக் அமிலம் பீய்ச்சும், அவ்வளவுதான். மா இலைகளைப் பட்டு நூலால் ஒட்டிக் கூடு கட்டும் செந்நிற முசுறும் அதே குடும்பக் கிளை, அதுவும் கடித்து அமிலம் பீய்ச்சுவதுதான். கூட்டமாக மேலே விழுவதால் உயிர் போகிற மாதிரி இருக்கும், ஆனால் விஷம் ஏற்றுவதில்லை. பூந்தொட்டி ஓரத்திலும் புல்தரையிலும் பொடிமண் குவித்து வாழும் சின்னச் செவ்வெறும்பு, அமெரிக்கக் கண்டங்களிலிருந்து வந்து பரவிய நெருப்பெறும்பு. இதற்குக் கொடுக்கு உண்டு. தாடையால் தோலைப் பிடித்துக்கொண்டு உடம்பைச் சுழற்றி வட்டமாகப் பல முறை கொட்டும்.

தோட்டத் தரையில் நடக்கும் ஒரு சென்டிமீட்டர் அளவுள்ள சாம்பல் கலந்த கறுப்பு எறும்பு டயகாமா. உடம்பெங்கும் கைரேகை போல நுண்ணிய கோடுகள் ஓடும். கூட்டின் வாயைச் சுற்றிச் சருகு, இறகு, செத்த பூச்சித் துண்டுகளை அடுக்கி வைத்திருக்கும். இதுவும் கொட்டும். இந்த எறும்புக்கு ராணி என்று தனிப் பிறவியே கிடையாது. எல்லா வேலைக்காரிகளும் முதுகில் சிறு மொட்டு போன்ற ஒரு ஜோடி உறுப்புகளோடுதான் பிறக்கின்றன. ஏற்கெனவே அதிகாரத்தில் இருப்பவள் புதிதாக வருகிறவர்களின் மொட்டைக் கடித்து எடுத்துவிடுவாள். மொட்டை இழந்தவள் காலமெல்லாம் வேலைக்காரி, மொட்டு இருப்பவள் மட்டும் இணை சேர்ந்து முட்டை இடுவாள். இதே 1851 கட்டுரையில் ஜெர்டன் பெயரிட்ட தென்னிந்தியக் குதிக்கும் எறும்பு ஹார்பெக்னேதோஸில் கதை இன்னும் விசித்திரம். ராணி செத்ததும் வேலைக்காரிகள் உணர்கொம்பால் வாரக்கணக்கில் குத்துச்சண்டை போடுவார்கள். ஜெயிப்பவர்களுக்கு மூளை சுமார் 20 சதவீதம் சுருங்கி, முட்டை உருவாகும் சூலகம் பெருத்துவிடும். அவர்களை மறுபடி சாதாரண வேலைக்காரியாக்கினால் மூளை பழைய அளவுக்குத் திரும்புவதை 2021ல் ஆய்வாளர்கள் காட்டினார்கள்.

உங்கள் மரத்தில் எட்டுக் காலோடு ஒரு "எறும்பு" தென்பட்டால் அது சிலந்தி. இந்த மர எறும்பின் வேஷத்தை அப்படியே போட்டிருக்கும் தாவும் சிலந்திகள் உண்டு. முன்னங்கால் இரண்டையும் தூக்கி உணர்கொம்பு மாதிரி ஆட்டும். தட்டிவிட்டால் நூல் விட்டுத் தொங்கும், எறும்பு அப்படித் தொங்காது. அந்தச் சிலந்தியால் உங்களுக்கு ஒரு தொந்தரவும் இல்லை, விட்டுவிடுங்கள். எறும்பு கொட்டும் என்று பறவைக்கும் குளவிக்கும் தெரிந்திருப்பதால்தான் இந்த வேஷம் செல்லுபடியாகிறது.

புல்லட் எறும்பு சென்னையில் இல்லை, ஆசியாவிலேயே இல்லை. அது மத்திய, தென் அமெரிக்க மழைக்காடுகளில் வாழும் பாராபொனேரா. நீளம் 2 சென்டிமீட்டரைத் தாண்டும், ஒரே கருஞ்சிவப்பு நிறம். அதன் விஷத்தில் இருக்கும் பொனேராடாக்சின் என்ற பெப்டைடு (சிறு புரதம்), நரம்புச் செல்களின் சோடியம் வாயில்களை மூட விடாமல் பிடித்துக்கொள்கிறது. வலி ஒரு நாள் முழுக்க நிற்பதற்குக் காரணம் அதுதான். பூச்சிக் கொட்டுகளுக்கு 1 முதல் 4 வரை மதிப்பெண் போட்ட ஜஸ்டின் ஷ்மிட் இதை உச்சியில் வைத்தார். அந்த அளவுகோலில் சாதாரணத் தேனீக்கு 2.

"ஆக்ரோஷமான பெரிய எறும்பு" என்று தேடினால் வரும் இன்னொன்று ஆஸ்திரேலியாவின் காளை எறும்பு (bull ant), மிர்மீசியா. பெரிய இனங்கள் 3 சென்டிமீட்டருக்கு மேல். கூட்டுக்கு அருகே போனால் கண்ணால் பார்த்தே துரத்தி வரும். அதன் ஒரு சிறு வகையான ஜாக் ஜம்பருக்கு டாஸ்மேனியாவில் ஏறத்தாழ 3 சதவீத மக்களுக்குக் கடும் ஒவ்வாமை இருக்கிறது. உயிரிழப்புகளும் நடந்திருக்கின்றன. அதனால் அந்த விஷத்தையே மிகச் சிறு அளவில் ஊசியாகப் போட்டு உடலைப் பழக்கும் சிகிச்சையை அங்கே நடத்துகிறார்கள். இதைச் சொல்லக் காரணம் உண்டு. எறும்புக் கொட்டில் ஆளைச் சாய்ப்பது வலியின் அளவு அல்ல, ஒவ்வாமை.

இனி கொட்டு எப்படி நடக்கிறது என்று பார்ப்போம். எறும்பின் கொடுக்கு, முட்டையிடும் குழாய் பரிணாமத்தில் உருமாறி வந்தது. ஆகவே கொட்டுவது எல்லாமே பெண். மழைக்குப் பிறகு ட்யூப்லைட்டைச் சுற்றும் சிறகு முளைத்த ஆண் எறும்பு கொட்டவே முடியாது. உள்ளே வழிகாட்டும் குழல் ஒன்று, அதன்மேல் மாறி மாறி முன்னும் பின்னும் வழுக்கும் இரண்டு ஊசிகள். அந்த அசைவே தோலைத் துளைக்கிறது, அதுவே பையிலிருந்து விஷத்தையும் உள்ளே தள்ளுகிறது. முதலில் தாடையால் பிடிமானம் எடுத்துக்கொண்டு, பிறகு வயிற்றை அடியில் மடக்கிக் குத்தும். தேனீயின் கொடுக்கு மாதிரி இது தோலில் மாட்டிக்கொண்டு நின்றுவிடாது. உருவிக்கொண்டு மறுபடி குத்தும். எனவே கொட்டிய இடத்தில் முள் இருக்கிறதா என்று பின்னூசி வைத்து நோண்ட வேண்டாம். எறும்பு இன்னும் சட்டைக்குள் இருக்கிறதா என்று பார்ப்பதுதான் முதல் வேலை.

இந்த மர எறும்பு ஆளைத் தேடி வந்து கொட்டுவதில்லை. கறையான், புழு, சின்னப் பூச்சிகளைப் பிடிக்கும், இனிப்புச் சாறும் குடிக்கும். மனிதர்களுக்குக் கொட்டு விழுவது பெரும்பாலும் எறும்பு எங்காவது அழுந்தும்போதுதான்: காலரில், அக்குளில், கைக்கும் மரத்துக்கும் நடுவில், கொடியில் காய்ந்த துணி மடிப்பில். மர நிழலில் நிறுத்திய வண்டியின் ஹேண்டிலில் மாட்டிய ஹெல்மெட் இன்னொரு இடம். தலையில் போடும் முன் கவிழ்த்து இரண்டு தட்டு தட்டுங்கள். கொடியை மரத்திலிருந்து அவிழ்த்து இரும்புக் கம்பத்துக்கோ மொட்டை மாடிக்கோ மாற்றினாலே உங்கள் வீட்டுப் பிரச்சினையில் பெரும்பகுதி தீர்ந்துவிடும். கூட்டையே குலுக்கினால் கதை வேறு, அப்போது கூட்டமாக வெளியே வரும்.

கொட்டிய இடத்துக்கு: சோப்பும் தண்ணீரும் போட்டுக் கழுவுங்கள். மோதிரம், காப்பு, வாட்ச் இருந்தால் வீக்கம் ஏறும் முன் கழற்றுங்கள். பனிக்கட்டியைத் துணியில் சுற்றி 10 நிமிடம் வையுங்கள், கொஞ்ச நேரம் விட்டு மறுபடி வையுங்கள். கையைத் தலையணை மேல் உயர்த்தி வைத்தால் வீக்கம் குறையும். அரிப்புக்குப் பெரியவர்களுக்கு செட்ரிசின் 10 மில்லிகிராம் ஒன்று போதும். அது தூக்கம் வரவைக்கும். சிறுநீரகக் கோளாறு இருந்தால் அளவு குறைக்க வேண்டும், டாக்டரைக் கேட்டுக்கொள்ளுங்கள். சுண்ணாம்பு தடவுவது நம் ஊர்ப் பழக்கம், தயவுசெய்து வேண்டாம். விஷம் தோலுக்கு அடியில் போயாகிவிட்டது, மேலே தடவும் காரம் அதைத் தொடாது. ஏற்கெனவே வீங்கிய தோலை வெந்து போக வைக்கும். நெருப்பெறும்பு கொட்டிய மறுநாள் வரும் வெள்ளைத் தலைக் கொப்புளம் அந்த விஷத்திலுள்ள ஆல்கலாய்டு என்ற வேதிப்பொருளால் வருவது, சீழ் அல்ல. குத்தி உடைத்தால்தான் சீழ் பிடிக்கும்.

அப்பாவின் முழங்கை வரையான வீக்கத்தை மருத்துவத்தில் பெரிய உள்ளூர் எதிர்வினை என்பார்கள். ஒன்று இரண்டு நாளில் உச்சத்துக்குப் போய், ஒரு வாரம் பத்து நாளில் வடியும். சிவந்து சூடாக இருப்பதால் புண் சீழ் வைத்துவிட்டது என்று நினைத்து ஆன்டிபயாடிக் வாங்குவார்கள், முதல் இரண்டு நாளில் அது பெரும்பாலும் தேவைப்படாது. மூன்றாம் நாளுக்குப் பிறகும் சிவப்பு பரவிக்கொண்டே போனால், காய்ச்சல் வந்தால், அப்போது காட்டுங்கள். சர்க்கரை நோய் இருந்தால் அவ்வளவு காத்திருக்க வேண்டாம். இப்படி வீங்குகிறவர்களில் பெரும்பாலானவர்களுக்கு அடுத்த கொட்டும் இதே வீக்கத்தோடு நின்றுவிடும்.

மீதியுள்ள சிலரைப் பற்றித்தான் கவனம் வேண்டும். இதே டெட்ராபொனேரா கொட்டி உயிருக்கு ஆபத்தான ஒவ்வாமை வந்த நோயாளிகளை இலங்கையிலும் தாய்லாந்திலும் மருத்துவர்கள் பதிவு செய்திருக்கிறார்கள். முதல் கொட்டில் உடல் விஷத்திலுள்ள புரதத்தை அடையாளம் வைத்துக்கொள்ளும், பிந்தைய ஒரு கொட்டில் வெடிக்கும். "போன தடவை ஒன்றும் ஆகவில்லையே" என்பது உத்தரவாதம் ஆகாது. பார்க்க வேண்டியது கொட்டிய இடத்துக்கு வெளியே என்ன நடக்கிறது என்பதை: உடம்பெல்லாம் தடிப்பு, உதடு நாக்கு வீக்கம், குரல் கம்முதல், மூச்சில் விசில் சத்தம், வாந்தி, கண் இருட்டி மயக்கம். பெரும்பாலும் 5 முதல் 30 நிமிடத்துக்குள் தொடங்கும். ஆகவே யாருக்குக் கொட்டினாலும் முதல் ஒரு மணி நேரம் தனியே விடாதீர்கள்.

இந்த அடையாளங்களில் நாக்கு வீக்கமோ, குரல் கம்முதலோ, மூச்சுத் தொந்தரவோ, மயக்கமோ இருந்தால் மாத்திரை தேடி நேரத்தைப் போக்காமல் 108ஐ அழையுங்கள். படுக்க வைத்துக் காலை உயர்த்துங்கள். மூச்சுத் திணறினால் சாய்ந்து உட்காரட்டும், எழுப்பி நடக்க வைக்காதீர்கள். மருந்து அட்ரினலின் ஊசி ஒன்றுதான். பெரியவர்களுக்கு 0.5 மில்லிகிராம், தொடையின் வெளிப்பக்கத் தசையில், தேவைப்பட்டால் 5 நிமிடத்தில் இன்னொன்று. செட்ரிசினும் ஸ்டீராய்டும் அதற்கு மாற்று அல்ல. சரியான பிறகும் சில மணி நேரம் ஆஸ்பத்திரியில் இருக்கச் சொல்வார்கள், மருந்து இறங்கியதும் மறுபடி வரக்கூடும் என்பதால். அப்பா இரத்த அழுத்தத்துக்கு அட்டெனலால், மெட்டோபுரோலால் போன்ற பீட்டா பிளாக்கர் சாப்பிடுகிறாரா என்று சீட்டைப் பாருங்கள். அந்த மாத்திரைகள் அட்ரினலினின் வேலையை மட்டுப்படுத்தும். தானாக நிறுத்தக் கூடாது, ஆனால் அவசரத்தில் டாக்டரிடம் அதை முதலிலேயே சொல்ல வேண்டும்.

மரத்துக்கு வருவோம். இந்த எறும்பு பச்சை மரத்தைக் குடைவதில்லை. வண்டு குடைந்த பட்ட கிளை, உள்ளே பொந்தான தண்டு, கழன்ற பட்டைக்கு அடி, இவைதான் அதன் வீடு. முருங்கை மெத்தென்ற மரம், முறிந்த இடத்திலிருந்து சீக்கிரம் உளுத்துப்போகும். 2016 வர்தாவிலும் 2023 மிக்ஜாமிலும் முறிந்து, ஒழுங்காக அறுக்காமல் சிம்பாக விட்ட கிளைக் கட்டைகள் நகரமெங்கும் இருக்கின்றன. ஒவ்வொன்றும் இந்த எறும்புக்குக் காலி மனை.

கூட்டைக் கண்டுபிடிக்க, வெயில் ஏறும் முன் காலையில் ஒரு செத்த கரப்பானைத் துண்டாக்கி அடிமரத்தில் ஆள் உயரத்தில் வையுங்கள். துண்டைத் தூக்கிய எறும்பு வேட்டையை விட்டுவிட்டு நேராக வீட்டுக்குப் போகும். கண்ணை எடுக்காமல் தொடருங்கள், நுழையும் ஓட்டை சில மில்லிமீட்டர்தான் இருக்கும். அதே கிளையில் இரண்டாவது ஓட்டையும் இருக்கும் என்றே வைத்துக்கொண்டு தேடுங்கள். இந்த வேலை சொதப்புவதில் முக்கால்வாசி அந்த இரண்டாவது ஓட்டையால்தான்.

கிளையை எடுப்பது இருட்டும் நேரத்தில். இது பகலில் வெளியே திரியும் எறும்பு, மாலையில் வீட்டில் இருக்கும். முழுக்கை சட்டை, பேண்ட்டின் அடியை சாக்ஸுக்குள் செருகி, கையுறையின் வாயை ரப்பர் பேண்டால் இறுக்கி. லுங்கியோடு ஏற வேண்டாம். முதலில் ஓட்டைகளை ஈரக் களிமண்ணால் அடையுங்கள். நுனியிலிருந்து ஒரு சிமென்ட் சாக்கையோ கெட்டியான பாலிதீன் பையையோ கிளை மேல் கோத்து, அடியில் கட்டுக்கம்பியால் முறுக்குங்கள். அப்புறம் ரம்பம். அரிவாள் கூடாது, ஒவ்வொரு வெட்டுக்கும் கிளை அதிர்ந்து மொத்தக் கூடும் வெளியே வந்துவிடும். அடிமரத்திலிருந்து ஓர் அடி தள்ளி, கீழ்ப்பக்கத்தில் மூன்றில் ஒரு பங்கு ஆழத்துக்கு ஓர் அறுப்பு. அதற்கு இரண்டு விரல் வெளியே, மேலிருந்து இரண்டாவது அறுப்பு. கிளை விழும்போது பட்டையை உரித்துக்கொண்டு போகாமல் இருக்கத்தான் இந்த முறை. விழும் இடத்தில் யாரும் நிற்கக் கூடாது, கிளைக்கும் மின்கம்பிக்கும் தொடர்பு இருந்தால் வேலையைத் தொடாதீர்கள், மின்வாரியத்தைக் கூப்பிடுங்கள்.

அறுத்த முகத்தை டார்ச் அடித்துப் பாருங்கள். நடுவில் பொந்து தெரிந்தால் கூடு இன்னும் உள்நோக்கிப் போகிறது, ராணி அந்தப் பாதியில் இருக்கலாம். பொந்தைக் களிமண்ணால் அடைத்துவிட்டு, கெட்டி மரம் வரும் வரை இன்னொரு துண்டு எடுங்கள். கடைசி அறுப்பு, கிளை அடிமரத்தில் சேரும் இடத்தில் தடித்த வளையம் போல இருக்குமே, அதற்கு ஒட்டினாற்போல் வெளியே. வளையத்தையே அறுத்தால் காயம் மூடாது, நீளமாக விட்டால் அந்தக் கட்டை உளுத்து இரண்டு வருடத்தில் மறுபடி எறும்பு. சாக்கோடு கிளையை இன்னொரு கறுப்புப் பாலிதீன் பையில் போட்டுக் கட்டி, மொட்டை மாடி வெயிலில் சில நாள் கிடத்துங்கள். நம் ஊர் வெயிலுக்கு வேறு மருந்து தேவையில்லை.

மருந்து அடிப்பதை ஏன் சொல்லவில்லை என்றால், அது வெளியே ஓடும் சிலதைக் கொல்லும், மரத்துக்குள் இருக்கும் கூட்டைத் தொடாது. அதோடு, நீங்கள் தினம் கீரை பறிக்கும் முருங்கையில் சைபர்மெத்ரின் பூச்சிமருந்து அடிப்பதை நினைத்தாலே எனக்குப் பயமாக இருக்கிறது. எறும்பு சாக்பீஸிலும் இருப்பது அதே வகை (பைரித்ராய்டு) மருந்துதான், குழந்தை கைக்கு எட்டும் உயரத்தில் கோடு போடாதீர்கள். பெட்ரோல் ஊற்றுவது எறும்பை விடப் பெரிய ஆபத்து. பொந்தை சிமென்ட்டால் பூசினால் உள்ளே ஈரம் தேங்கி மரம் இன்னும் சீக்கிரம் உளுக்கும். அடிமரத்தைச் சுற்றித் துணி கட்டி அதன்மேல் கிரீஸ் பூசுவது, கீழிருந்து ஏறும் முசுறையும் கேம்போனோட்டஸையும் தடுக்க உதவும், அதுவும் வாரம் ஒருமுறை தூசி துடைத்துப் புதிதாகப் பூசினால். கிளை காம்பவுண்டு சுவரையோ கேபிள் வயரையோ தொட்டுக்கொண்டிருந்தால் அந்த கிரீஸ் துணியால் பயனில்லை. மரத்திலேயே குடியிருக்கும் இந்த எறும்புக்கு அது கீழே இறங்கும் வழியை மட்டும் அடைக்கும்.

அடிமரத்தின் உள்ளேயே பொந்தும் கூடும் இருந்தால், மரம் நல்ல நிலையில் இருக்கும்பட்சத்தில் விட்டுவிடுங்கள். கொடியை மாற்றி, அடிமரத்தைச் சுற்றி யாரும் சாயாமல் பார்த்துக்கொண்டால் போதும். அப்பாவுக்கு ஏற்கெனவே உடம்பு முழுவதையும் தாக்கும் ஒவ்வாமை வந்திருந்தால் மட்டும் அந்த மரத்தை எடுப்பதை யோசிக்கலாம். பட்ட கிளை தெரு மரத்தில் இருந்தால் நீங்களாக ஏறி அறுக்காதீர்கள், மாநகராட்சியின் 1913 எண்ணில் புகார் பதிந்து, கிளை எந்தப் பக்கம், எவ்வளவு உயரம், கொட்டும் எறும்பு இருக்கிறது என்பதையும் சேர்த்துச் சொல்லுங்கள். ஏறப்போகிற ஆளுக்கு அது தெரிந்திருக்க வேண்டும்.